ஒலிச்செப்பம்: திருகோணமலையில் புதிதாகத் தொடங்குவோருக்கான வழிகாட்டி

மெய்ம்மையில் விழும் விரிசல்களை ஒலியால் சீர்செய்யும் கலையை இக்கட்டுரையில் ஒலிச்செப்பம் என்று அழைக்கிறேன். இது கற்பனைக் கலை. கதை எழுதுபவர்களும், நண்பர்களோடு பாத்திரமேற்று விளையாடுபவர்களும், வேறு நோக்கம் எதுவுமின்றிக் காதைக் கூர்மையாக்கிக்கொள்ள விரும்புபவர்களும் இதைப் பயிலலாம். கீழே வரும் இடங்களும் காற்றுகளும் ஒலியின் அளவுகளும் மெய்யானவை. விரிசல்களும் அவற்றைப் பொத்தும் முறையும் மட்டுமே கற்பனை. இந்த எல்லையை மனத்தில் இருத்திக்கொண்டால், மீதி எல்லாவற்றையும் ஒரு கைத்தொழிலைச் சொல்லிக்கொடுக்கும் முறையிலேயே சொல்லிப்போகலாம்.

தொடங்குவதற்குத் திருகோணமலை வசதியான ஊர். கோட்டை நிற்கும் முனையின் வடக்கே பின்குடாவும் தெற்கே டச்சுக் குடாவும் இருக்கின்றன. மேற்கே ஆழமான இயற்கைத் துறைமுகம். சிறிது தூரம் உள்ளே போனால் கன்னியா வெந்நீர்க் கிணறுகள். தெற்கே கொட்டியாரக் குடாவும் மகாவலி கடலோடு கலக்கும் இடமும். திறந்த கடல், அடைபட்ட நீர், செங்குத்துப் பாறை, கற்சுவர், நெருக்கமான கடைத்தெரு என்று ஒலி வெவ்வேறு விதமாக நடந்துகொள்ளும் இடங்கள் அனைத்தும் ஒரு நாளில் சைக்கிளில் சுற்றிவரக்கூடிய தூரத்தில் அமைந்திருக்கின்றன. ஆனால் புதியவர்கள் இந்தச் செல்வத்தைப் பயன்படுத்துவதில்லை. மணியை வாங்கிக்கொண்டு வருகிறார்கள், குறிப்பேட்டைக் கொண்டுவருவதில்லை.

முதலில் காது

முதல் இரண்டு வாரங்களைக் கேட்பதற்கு மட்டுமே ஒதுக்க வேண்டும். விடியும் முன், பஸ்களும் முச்சக்கர வண்டிகளும் தெருவை நிறைப்பதற்குள், டச்சுக் குடாக் கரையில் அமர்ந்து, காதில் விழும் ஒலிகளைத் தூரத்திலிருந்து அண்மைக்கு என்ற வரிசையில் எழுதுங்கள். அருகிலுள்ள ஒலியைக் காது தானாகவே பிடித்துக்கொள்ளும், தூரத்து ஒலியைத் தேடித்தான் பிடிக்க வேண்டும் என்பதால் இந்த வரிசை. கோயில் மணி, பள்ளிவாசல் பாங்கு, பேராலய மணி, மீன்பிடி வள்ளத்தின் எஞ்சின், காகம், தெருநாய் என ஒவ்வொன்றும் எந்தத் திசையிலிருந்து எவ்வளவு தெளிவாக வருகிறது என்பதையும் கூடவே குறிக்க வேண்டும்.

அதே கடலைக் கோணேசர் கோயிலுக்குப் போகும் வழியில் மேலிருந்து கேட்டால் வேறு கடலாக இருக்கும். கரையில் அலை மணல்மேல் சரிந்து நுரைத்து உடைவதால் உயர்ந்த ஒலிகள் மிகுந்து கேட்கின்றன. பாறையடியில் நீர் மோதிப் பிளவுகளில் அடைபட்ட காற்றை அமுக்குவதால் தாழ்ந்த அதிர்வு மிகுந்து கேட்கிறது. சம்பந்தர் தமது கோணமலைப் பதிகத்தைக் கழலும் சிலம்பும் எழுப்பும் ஒலியோடு தொடங்கி, இக்கடலைக் குரைகடல் என்று பாடியது மேலிருந்து கேட்டவரின் பாட்டாகவே எனக்குப் படுகிறது. அவர் இராமேசுவரத்தில் இருந்தபடியே பாடினார் என்று மரபு சொல்வது வேறு கதை.

குறிப்பேட்டில் ஐந்து பத்திகள் போதும்: நேரம், காற்றின் திசை, கடலின் நிலை, கேட்ட ஒலி, கேட்டிருக்க வேண்டியும் கேளாத ஒலி. கடைசிப் பத்திதான் இந்தக் கலையின் உயிர். நாய் வாயைத் திறந்து மூடுவது தெரிந்தும் குரைப்புக் கேளாவிட்டால், அல்லது நேற்றுவரை அதே நேரத்தில் வந்த மணியோசை இன்று மட்டும் வராவிட்டால், அதை அங்கே எழுதுங்கள். காரணம் கண்டுபிடிக்க அவசரப்பட வேண்டாம். குறிப்பேட்டை எழுதிக்கொண்டிருக்கும்போது தரையில் வைக்காதிருப்பதும் நல்லது. கோட்டைப் பக்கத்து மான்கள் காகிதத்தையும் விட்டுவைப்பதில்லை.

காற்றின் திசையைத் தவறாமல் எழுத வேண்டும். ஆண்டின் நடுமாதங்களில் நிலத்திலிருந்து கடலை நோக்கி வீசும் கச்சானில் ஊரின் ஒலிகள் கடற்கரைக்கு அள்ளிக்கொண்டு வரப்படும். மாரியில் வாடை எழும்போது கடலின் ஒலி கடைத்தெருவின் உள்வரை வரும். ஒரே இடத்தை இரு காற்றிலும் கேட்காதவர் அந்த இடத்தைப் பற்றித் தீர்ப்புச் சொல்லக்கூடாது.

கருவிகள்

உங்கள் குரலே முதற்கருவி. அதற்கு அடுத்ததாக ஓர் இசைக்கவர், அதாவது தட்டினால் ஒரே சுரத்தில் ஒலிக்கும் இருகிளை உருக்குக் கருவி, வேண்டும். பாடசாலை ஆய்வுகூடங்களில் உள்ள 256 ஹேர்ட்ஸ் கவரே போதும். வெப்பநிலை மாறினாலும் உருக்குக் கவரின் மீடிறன், அதாவது அது ஒரு செக்கனில் அதிரும் தடவை, மிகச் சிறிதளவே மாறும் என்பதால், மற்ற எல்லாம் தடுமாறும் இடத்திலும் அது நம்பத்தக்க சாட்சியாக நிற்கும். ஒரு வெண்கலக் கைமணி, வாய் குறுகிய ஒரு போத்தல், சுருதிப்பெட்டி அல்லது கைத்தொலைபேசியில் சுருதி காட்டும் ஒரு செயலி ஆகியவற்றோடு பை நிறைந்துவிடும்.

மணியை வாங்கும்போது அடித்துவிட்டு அதன் முடிவுவரை கேளுங்கள். அடங்கும் தறுவாயில் ஒலி மெல்ல ஏறி இறங்கி அலைவதைப் பல மணிகளில் கேட்கலாம். மணியின் சுவர் எல்லாப் பக்கமும் ஒரே தடிப்பாக இல்லாததால் மிக நெருங்கிய இரண்டு சுரங்கள் சேர்ந்து ஒலிப்பதே அதற்குக் காரணம். மணியைக் கையில் சற்றுத் திருப்பி வேறு பக்கத்தில் தட்டினால் அலைவு கூடவோ குறையவோ செய்யும். இதை அறியாதவர்கள் போகும் இடமெல்லாம் விரிசல் இருப்பதாகச் சொல்லித் திரிவார்கள். விரிசல் அவர்கள் கையில் இருக்கும். ஆகவே உங்கள் மணியின் அலைவு எப்படிப்பட்டது என்பதை வீட்டிலேயே பலமுறை அடித்துப் பழகி, மணியின் வெளிப்புறத்தில் அலைவு குறைந்த இடத்தைச் சிறு புள்ளியிட்டு அடையாளப்படுத்திக்கொள்ளுங்கள்.

சங்கு, நாதஸ்வரம், தவில் ஆகியவற்றைத் தொடக்கத்தில் தொடவே வேண்டாம். திறந்தவெளிக்கென்று அமைந்த பெரிய ஒலிகள் அவை; சிறிய கிழிசலில் அவற்றைச் செலுத்தினால் கிழிசல் பெரிதாகும்.

இடத்தின் ஆதார சுருதி

ஒவ்வொரு மூடிய இடத்துக்கும் தான் விரும்பி வாங்கிக்கொள்ளும் சுரங்கள் உண்டு. இதில் கற்பனை இல்லை. பௌதிகவியலில் பரிவு என்று படிப்பது இதுவே. குளியலறையில் தொடங்குங்கள். வாயை மூடி, உங்களால் எட்டக்கூடிய மிகத் தாழ்ந்த சுரத்திலிருந்து இழுவையாக மேலேறும்படி முனகிக்கொண்டு போனால், ஓரிடத்தில் அறை முழுவதும் சேர்ந்து முனகத் தொடங்கும். நம் ஊர் வெப்பத்தில், ஏறத்தாழ 30 பாகை செல்சியஸில், ஒலி செக்கனுக்குச் சுமார் 349 மீற்றர் செல்கிறது. எதிரெதிர்ச் சுவர்களுக்கு இடையே 1.5 மீற்றர் இருந்தால், அந்த நீளத்தின் இருமடங்கான 3 மீற்றரால் 349ஐ வகுக்க, ஏறத்தாழ 116 ஹேர்ட்ஸ் வரும். ஆண்குரல் எளிதாக எட்டும் சுரம் அது. 4 மீற்றர் அறையில் முதற்சுரம் 44 ஹேர்ட்ஸ் அளவில் இருப்பதால் குரலுக்கு எட்டாது. ஆனால் அதன் இருமடங்கான 87 ஹேர்ட்ஸும் மும்மடங்கான 131 ஹேர்ட்ஸும் எட்டும்.

அடுத்ததாகக் கிணறு. மேலே திறந்தும் கீழே நீரால் மூடியும் இருக்கும் கிணற்றில் கணக்கு மாறுகிறது: விளிம்பிலிருந்து நீர்மட்டம்வரை உள்ள ஆழத்தின் நான்கு மடங்கால் வகுக்க வேண்டும், அதற்குமேல் ஒற்றைப்படை மடங்குகள் மட்டுமே வரும். 4 மீற்றர் ஆழத்துக்கு ஏறத்தாழ 22, 65, 109, 153 ஹேர்ட்ஸ் என்று போகும். மழைக்காலத்தில் நீர்மட்டம் ஏற ஏறக் கிணற்றின் சுருதியும் ஏறுவதை வாரந்தோறும் குறித்துவந்தால், இடத்தின் சுருதி மாறாதது அன்று என்பது புத்தகம் படிக்காமலே விளங்கிவிடும். கிணற்றுக் கட்டில் ஏறி நிற்கவோ தலையை உள்ளே நீட்டிப் பாடவோ வேண்டாம்; கட்டுக்கு வெளியே நின்று முனகினாலே போதும்.

திறந்தவெளியில் சுவர் இல்லாததால் இந்தப் பரிவு கிடைக்காது. அங்கே ஆதார சுருதி என்பது இடைவிடாமல் நிற்கும் அடியொலிதான்: கடலின் இரைச்சல், பனையோலையின் சரசரப்பு, துறைமுகத்தில் நிற்கும் கப்பலின் இயந்திர முழக்கம். அதில் ஏறி இறங்காமல் நிற்கும் பகுதியைக் கண்டுபிடித்து அதோடு உங்கள் குரலைச் சேர்த்துப் பழக வேண்டும். கடலோடு சேர்வதற்கு முன்பு சுருதிப்பெட்டியின் ஸட்ஜத்தோடு பஞ்சமம் சேர்ப்பதைப் பழகுங்கள். இரண்டின் மீடிறன்களும் 2க்கு 3 என்ற விகிதத்தில் சரியாக அமரும்போது தோன்றும் அமைதியைக் காது ஒருமுறை அறிந்துகொண்டால், பிறகு அமராத சுரம் எதுவும் தப்பாது.

விரிசல் என்று சொல்வதற்கு முன்

புதியவர்கள் மிகுதியாகத் தவறுவது இங்கேதான். விசித்திரமாகக் கேட்கும் எல்லாமே சேதம் அல்ல. ஒலி இயல்பாகவே பல வேடிக்கைகளைச் செய்யும். அவற்றை ஒவ்வொன்றாக நீக்கிய பிறகும் எஞ்சுவதையே விரிசல் என்று எழுத வேண்டும்.

எதிர்காற்றில் ஒலி மேல்நோக்கி வளைந்து உங்கள் தலைக்கு மேலாகப் போய்விடும். அதனால் கண்ணுக்கு எதிரே தெரியும் படகின் எஞ்சின்கூடக் கேளாமல் போகலாம். அமைதியான இரவில் நீர்மேல் குளிர்ந்த காற்றும் அதற்கு மேல் சூடான காற்றும் படிந்திருக்கும்போது ஒலி கீழ்நோக்கி வளைந்து வெகுதூரம் வரும். அப்போது உட்துறைமுகத்தின் அக்கரையில் இருவர் பேசுவது காதருகில் பேசுவது போலக் கேட்கும். பேய் என்று அஞ்சவும் வேண்டாம், பிசகு என்று குறிக்கவும் வேண்டாம். எதிரொலிக்கும் கணக்கு உண்டு. சுவர் ஏறத்தாழ 17 மீற்றருக்கு அப்பால் இருந்தால்தான் கைதட்டலும் அதன் எதிரொலியும் தனித்தனியாகக் கேட்கும். அதற்குக் கிட்ட இருந்தால் இரண்டும் ஒன்றாகக் குழைந்துவிடும். கோட்டைச் சுவரை நோக்கிக் கைதட்டிக்கொண்டே பின்னால் நடந்தால், எதிரொலி பிரிந்து நிற்கும் இடத்தை நீங்களே கண்டுகொள்ளலாம்.

கடலில் இன்னொரு மயக்கம் உண்டு. நீரில் ஒலி செக்கனுக்கு ஏறத்தாழ 1500 மீற்றர் செல்லும். காற்றில் செல்வதைப்போல நான்கு மடங்குக்கும் அதிகம். ஒன்றரைக் கிலோமீற்றர் தூரத்தில் யாரோ சட்டத்துக்கு மாறாக மீனுக்கு வெடி போட்டால், படகில் இருப்பவர் ஒரு செக்கனில் அடிப்பலகையில் ஒரு தட்டலையும், அதற்குப் பின் மூன்று செக்கன்களுக்கு மேல் கழித்துக் காற்றில் அதே வெடியையும் கேட்கக்கூடும். ஒரே நிகழ்ச்சி இருமுறை நடப்பதாகத் தோன்றும் இதைக் காலப்பிசகு என்று எழுதிவைத்தவர்கள் இருக்கலாம்; எழுத வேண்டியது கடற்றொழில் அதிகாரிகளுக்கான முறைப்பாடு.

கன்னியாவில் செய்யக்கூடிய சோதனை இனிமையானது. அங்குள்ள ஏழு கிணறுகளின் வெப்பமும் ஒன்றுக்கொன்று சிறிது வேறுபடும். சூடான நீரை ஊற்றும் ஒலியும் குளிர்ந்த நீரை ஊற்றும் ஒலியும் ஒன்றல்ல என்பதைக் கண்ணை மூடிக்கொண்டே பெரும்பாலானோரால் சொல்ல முடியும். ஆகவே குளிக்க வந்தவர்கள் வாளியில் அள்ளி ஊற்றும்போது சற்றுத் தள்ளி நின்று கேட்டு, எந்தக் கிணற்றின் நீர் என்று ஊகித்துப் பழகலாம். ஏழு கிணறுகளையும் பிரித்தறிவது கடினம். மிகச் சூடானதையும் மிக இளஞ்சூடானதையும் பிரிக்க முடிந்தாலே காது தேறிவிட்டது. இங்கே நம் பணி கேட்பதோடு முடிகிறது. இராவணனின் தாயாருக்கான கிரியையோடு சேர்த்துப் பேசப்படும் இடம் அது. இன்றும் பலர் அந்த நினைவோடு வருகிறார்கள்.

இவ்வளவையும் நீக்கிய பின்பும் ஐயம் நின்றால் மூன்று வழிகளில் உறுதிசெய்யலாம். ஒலி எழுப்புபவரை இரண்டு அடி தள்ளி நிற்கச் செய்து கேளுங்கள். இரு ஒலியலைகள் ஒன்றையொன்று அழிப்பதால் உண்டான வெற்றிடமாயின் அதுவும் அவரோடு இடம் மாறும், விரிசலாயின் இருந்த இடத்திலேயே இருக்கும். காற்றுத் திசை மாறும்வரை காத்திருந்து மறுபடியும் வாருங்கள். கடைசியாக, நீங்கள் எதிர்பார்ப்பதைச் சொல்லாமல் இன்னொருவரை அழைத்துவந்து கேட்கச் சொல்லுங்கள். வயதானவர்களை அழைத்துவருவது சிறப்பு. உயர்ந்த சுரங்கள் அவர்களுக்குக் குறைவாகக் கேட்டாலும், அந்த இடம் முன்பு எப்படி ஒலித்தது என்பது அவர்களுக்குத் தெரியும்.

சேதத்தின் வகைகள்

கைதட்டலின் தலை மட்டும் கேட்டு வால் அறுந்துபோகும் இடம் விரிசல். காட்சியும் ஒலியும் ஒன்றுக்கொன்று விலகி, செருப்பின் ஓசை அடி தரையில் படுவதற்கு முன்பே வரும் இடம் பிசகு. மூன்றாவதான தொய்வு எளிதில் பிடிபடாது: அங்கே எல்லா ஒலிகளும் சிறிது தாழ்ந்து ஒலிக்கும், அவற்றோடு உங்கள் குரலும் தாழ்ந்துவிடுவதால் எதுவும் குறையாகத் தோன்றாது. அப்போதுதான் இசைக்கவர் உதவுகிறது. தொய்வுக்கு வெளியே தட்டி அதன் சுரத்தை மனத்தில் நிறுத்திக்கொண்டு உள்ளே நடந்தால், கவர் தன் சுரத்தில் நிற்க, மற்றவை அதற்குக் கீழே சரிந்து தெரியும். புதியவர்கள் விரிசலோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

பொத்தும் முறை

டச்சுக் குடாக் கரையில், கடலைப் பார்த்து அமர்ந்தால் இடப்பக்கத்து ஒலி பாதியில் அறுந்து கேட்கும் ஓர் இடம் இருப்பதாக வைத்துக்கொள்வோம். வலை பொத்துபவர் கிழிசலின் நடுவில் நூலைக் கோப்பதில்லை. கிழிந்த கண்களை வெட்டி நீக்கி, உறுதியான முடிச்சுவரை போய், அங்கிருந்தே தொடங்குகிறார். நீங்களும் கைதட்டிக்கொண்டே சுற்றி நடந்து, தட்டலின் வால் முழுமையாகக் கேட்கும் எல்லையைக் கண்டறிந்து, நான்கு பக்கமும் சிறு கற்களால் குறித்துக்கொள்ளுங்கள். கற்களுக்கு வெளியே நின்றுதான் வேலை தொடங்க வேண்டும்.

பிறகு இடத்தின் அடியொலியோடு சேர்ந்து மெல்ல முனகுங்கள். விரிசல் இருக்குமாயின் அது உங்கள் சுரத்துக்குச் சற்று விலகிய ஒரு சுரத்தில் விடை தரும். இரண்டும் சேரும்போது ஒலி ஏறி இறங்கித் துடிக்கும். இதற்குப் பௌதிகவியலில் அடிப்பு என்று பெயர். ஒரு செக்கனில் எழும் அடிப்புகளின் எண்ணிக்கை இரு மீடிறன்களின் வேறுபாட்டுக்குச் சமம்: 256க்கும் 252க்கும் இடையே செக்கனுக்கு நான்கு அடிப்புகள். வீணைக்குச் சுருதி கூட்டுபவர் செய்வது போலவே, உங்கள் குரலை மயிரிழை மயிரிழையாக நகர்த்தி அடிப்பை மந்தமாக்குங்கள். செக்கனுக்கு நான்கு இரண்டாகி, இரண்டு ஒன்றாகி, பிறகு ஒரு மூச்சுக்கு ஒன்றாகி, கடைசியில் துடிப்பே இல்லாமல் ஒலி நேராக நிற்கும். அடிப்பு வேகமாகிறதென்றால் எதிர்த்திசையில் போகிறீர்கள் என்று பொருள்.

ஒலி நேரான பின்பு ஒரு முழு மூச்சு அப்படியே பிடித்து, சடுதியாக நிறுத்தாமல் தேயவிட வேண்டும். சடுதியாக நிறுத்துவது புதிய விளிம்பொன்றை உண்டாக்கும். பொத்திய இடம் அங்கேதான் மறுபடி விடும். தேய்ந்த பிறகு மூன்று மூச்சு நேரம் மௌனமாக இருங்கள். இடம் தன் ஒலியைத் தானே எடுத்துக்கொள்வது இந்த மௌனத்தில்தான். நீங்கள் பாடியது அதற்கு வழிகாட்டியது மட்டுமே. அடுத்த கல்லுக்கு நகர்ந்து மறுபடியும் தொடங்குங்கள். வெளியிலிருந்து உள்ளே, சுற்றுச் சுற்றாக, ஒவ்வொரு சுற்றிலும் முந்தியதைவிடக் குரலைத் தாழ்த்தி வர வேண்டும். நடுவை அடையும்போது உங்கள் முனகல் உங்களுக்கே அரிதாகக் கேட்கும் அளவுக்கு இறங்கியிருக்கும். மணியை நடுவில் நின்று ஒருமுறை மட்டும், அடையாளமிட்ட புள்ளியில், மெல்லத் தட்டுங்கள். வால் அறுபடாமல் தேய்ந்தால் கற்களை எடுத்துவிடலாம்.

வேறிடத்து ஒலியைக் கொண்டுவந்து ஒட்டக்கூடாது. நிலாவெளியில் பதிவுசெய்த அலையோசையை டச்சுக் குடாவில் ஒலிபரப்பினால் கிழிசல் மூடியதாகத்தான் தோன்றும். ஆனால் அந்தக் கரையின் சரிவும் மணலும் வேறு, அலை உடையும் முறையும் வேறு. சில நாட்களில் ஒட்டு தனியாகத் துருத்திக்கொண்டு நிற்கும். அதைப் பிரித்தெடுப்பது பொத்துவதைவிடக் கடினம்.

பலர் சேர்ந்து செய்யும்போது

பெரிய சேதத்துக்குக் கூட்டம் வேண்டும். கூட்டத்துக்குத் தாளம் வேண்டும். கரைவலை இழுப்பவர்களின் அம்பாப் பாட்டில் ஒருவர் முன்னெடுக்க மற்றவர்கள் இழுப்போடு சேர்த்து விடை சொல்வதைக் கவனித்தால், யார் எப்போது மூச்சு வாங்குவது என்ற சிக்கல் அங்கே தீர்க்கப்பட்டிருப்பதைக் காணலாம். அதே ஒழுங்கை எடுத்துக்கொள்ளுங்கள்: முன்னெடுப்பவரின் மூச்சு முடியும் இடத்தில் கூட்டத்தின் மூச்சுத் தொடங்க வேண்டும், ஒலியில் இடைவெளி விழக்கூடாது. கிண்ணியாப் பக்கத்தவர்களுக்கு றபான் என்ற கைப்பறையின் தாளம் கைவந்திருக்கும். அதன் தாழ்ந்த அடி கூட்டத்தைக் கட்டிவைக்க நல்லது, கூர்ந்த ஓர அடியைத் தவிர்க்கவும்.

கூட்டம் நீண்டு நின்றால் ஒலியின் வேகமே இடைஞ்சலாகும். 2009இல் திறக்கப்பட்ட கிண்ணியாப் பாலத்தின் நீளம் 396 மீற்றர். ஒரு முனையில் தட்டிய மணி மறுமுனைக்கு வந்துசேர ஒரு செக்கனுக்கு மேலாகும். காதை நம்பித் தொடர்ந்தால் மறுமுனையில் நிற்பவர் எப்போதும் பிந்தியே பாடுவார், அவரைக் கேட்டு முதல் முனையும் பிந்தும், சிறிது நேரத்தில் கூட்டமே தொய்ந்துவிடும். ஆகவே நீண்ட வேலையில் கையசைவை அல்லது இரவாயின் ரோச் வெளிச்சத்தைப் பார்த்துத் தொடங்க வேண்டும். போக்குவரத்து உள்ள பாலத்தில் பயிற்சி செய்யச் சொல்வதாக எண்ண வேண்டாம். கணக்கைச் சொன்னேன், பயிற்சிக்குக் கடற்கரை போதும்.

தொடக்கூடாத இடங்கள்

கோணேசர் கோயிலுக்கு வரும் புதியவர் எவரும் இராவணன் வெட்டைப் பார்த்ததும் பையைத் திறக்கிறார். பாறையில் அவ்வளவு பெரிய பிளவைக் கண்டால் மூடிவிட வேண்டும் என்று கை துடிப்பது இயல்புதான். ஆனால் அதன் விளிம்பில் நின்று கேளுங்கள்: அடியில் மோதும் நீரின் ஒலி பிளவில் ஏறி, எங்கும் அறுபடாமல், வால் முழுமையாகத் தேய்ந்து முடிகிறது. அங்கே சேதம் எதுவும் இல்லை. பிளவாகவே இருக்கும் பாறை அது. இராவணனின் கதையும் அந்தப் பிளவில்தான் குடியிருக்கிறது. மூடினால் இரண்டும் போய்விடும்.

கோட்டைச் சுவரும் அப்படியே. போர்த்துக்கேயர் 1620களின் முற்பகுதியில் கோயிலை இடித்து அதன் கற்களைக் கொண்டு கோட்டை கட்டினார்கள். கோயில் பிற்காலத்தில், 20ஆம் நூற்றாண்டில், மறுபடியும் எழுந்தது. அச்சுவரில் தட்டிக் கேட்பவர் சிலர் கல் தன் பழைய இடத்தின் சுருதியில் ஒலிப்பதாகச் சொல்லி அதைத் திருத்த முனைவார்கள். கல் இடம் மாறியிருக்கிறது; மெய்ம்மை கிழியவில்லை. நடந்ததை நடக்காததாக்குவது இந்தக் கலையின் வேலையல்ல. கடற்கோளுக்கும் போருக்கும் ஆட்களைக் கொடுத்த வீடுகளின் முற்றங்களில் கேட்கும் மௌனத்தையும் இதே காரணத்தால் தொடக்கூடாது. அந்த மௌனம் உங்கள் குறிப்பேட்டின் ஐந்தாம் பத்தியில் வரக்கூடும், எழுதியதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அந்த வீட்டவர்கள் தாமே கேட்டாலும் அமர்ந்து கேட்பதற்கு மேல் எதையும் செய்ய வேண்டாம்.

சீனக்குடாப் பக்கத்து எண்ணெய்த் தொட்டிகளைப் பற்றிப் பலரும் கேட்கிறார்கள். பிரித்தானியர் காலத்து அந்தப் பெரும் உருக்குத் தொட்டிகளுக்குள் ஒலி எப்படி நிற்கும் என்ற ஆவல் எனக்கும் உண்டு. ஸ்கொட்லாந்தின் இஞ்சிண்டவுனில் மலைக்குள் குடைந்த, கொங்கிறீற்றால் ஆன போர்க்கால எண்ணெய்த் தொட்டியொன்றில் 125 ஹேர்ட்ஸ் ஒலி அடங்குவதற்கு 112 செக்கன்கள் எடுத்ததாக அளந்திருக்கிறார்கள். அப்படிப்பட்ட இடத்தில் ஒரு சுரம் பிசகினால் அதைத் திருத்தப் பாடும் அடுத்த சுரமும் பிசகிய சுரத்தோடு கலந்தே ஒலிக்கும், பழகியவர்களே தடுமாறுவார்கள். அது போக, சீனக்குடாத் தொட்டிகள் உள்ள வளாகம் பொதுமக்கள் நுழையும் இடமல்ல. கோட்டைக்குள் இராணுவ முகாமும், துறைமுகப் பகுதியில் கடற்படைத் தளமும் உள்ளன. மணியும் கம்பியும் கருவிகளுமாக அங்கே சுற்றித் திரிந்தால் காவலரிடம் விளக்கம் சொல்வதிலேயே பொழுது போய்விடும். கோயிலுக்குப் போகும் வழியை விட்டு விலகாமல் போய் வாருங்கள்.

கடலுக்குள் ஒலி எழுப்பவே கூடாது. திருகோணமலைக் கடலில் நீலத் திமிங்கிலங்கள் வருகின்றன. அவை ஒன்றையொன்று அழைக்கும் மிகத் தாழ்ந்த ஒலிகள் நீரில் நெடுந்தூரம் செல்லும். நம் பயிற்சி அவற்றின் பேச்சுக்குக் குறுக்கே போக வேண்டியதில்லை. நீரடி ஒலியைக் கேட்க மட்டும் விரும்பினால், மட்டக்களப்பு வாவியில் பாடுமீன் கேட்கப் போகிறவர்கள் செய்வது போல, துடுப்பின் ஒரு முனையை நீரில் விட்டு மறுமுனையைக் காதில் வைத்துக் கேட்கலாம்.

பின்பார்வை

ஒரு வேலைக்குப் பிறகு அன்றைக்கு இன்னொன்றைத் தொடங்காதீர்கள். களைத்த குரல் தன்னை அறியாமலே தாழும்; தாழ்ந்த குரலால் பொத்திய இடம் தொய்வாக மாறும். தொண்டைக்கு மல்லித் தண்ணீர் போதும். காதைப் பேணுவது அதைவிட முக்கியம்: 85 டெசிபெலுக்கு மேற்பட்ட இரைச்சலில் நாள் முழுவதும் இருப்பது கேள்திறனைக் கெடுக்கும், கெட்டது திரும்பாது. திருவிழாவில் ஒலிபெருக்கிக் கோபுரத்துக்கு அருகில் நின்றுவிட்டு மறுநாள் காலையில் விரிசல் தேடப் போகாதீர்கள். காதுக்குள் இரையும் ஒலி அடங்க ஓரிரு நாள் பொறுத்திருங்கள்.

பொத்திய இடத்தை மறுநாளும், ஒரு வாரம் கழித்தும், பிறகு மாதமொருமுறையும் போய்க் கேட்க வேண்டும். போகும்போது மணியைக் கொண்டுபோகத் தேவையில்லை, கைதட்டல் போதும். கச்சானில் பொத்தியதை வாடையிலும் வாடையில் பொத்தியதைக் கச்சானிலும் கேட்டுப் பார்த்து, இரு காற்றிலும் வால் அறுபடவில்லையென்றால்தான் குறிப்பேட்டில் 'செப்பமானது' என்று எழுதலாம். அதுவரை அந்த வரியில் 'பார்வையில்' என்று மட்டும் எழுதி, அடுத்த முறை போக வேண்டிய மாதத்தைப் பக்கத்தில் குறித்துவையுங்கள்.